பாட்டில் இல்லாத எல் பாசோ

போன மாதம் இந்தப் பக்கத்தில் போகிற போக்கில் ஒரு வரி எழுதிவிட்டேன், மார்ட்டி ராபின்ஸின் ‘எல் பாசோ’ பாட்டு ஓர் அழகான புளுகு என்று. அவ்வளவுதான். டெக்சாஸில் வேலை பார்க்கும் வாசகர் ஒருவர் கொதித்துப்போய் மெயில் அனுப்பியிருக்கிறார். ‘பாட்டைப் பாட்டாக் கேளுங்க சார். அது என்ன ஹிஸ்டரி புக்கா?’

நியாயமான கேள்விதான். ஒரு வரியில் சொல்லிவிட்டு ஓடியது என் தப்பு. இந்த வாரம் முழுப் பக்கமும் அதற்கே.

முதலில் ஒரு வாக்குமூலம். ப்ளஸ் ஒன்னில் அக்கவுன்டன்சி நோட்டுக்குள் லயன் காமிக்ஸை ஒளித்து வைத்து டெக்ஸ் வில்லர் படித்தவன் நான். டெக்ஸ் ஒரு டெக்சாஸ் ரேஞ்சர். அவர் சுட்டால் செத்தவன் கெட்டவன். அதற்கு மேல் விசாரணை கிடையாது. அவரை உருவாக்கியவர்கள் 1948-ல் இத்தாலியில் உட்கார்ந்திருந்த இரண்டு பேர் என்பது ரொம்ப நாள் கழித்துத்தான் தெரிந்தது. ‘ஃபார் எ ஃபியூ டாலர்ஸ் மோர்’ படத்தில் கிளின்ட் ஈஸ்ட்வுட் எல் பாசோ பாங்க் வாசலில் கண் வைத்துக் காத்திருப்பாரே, அந்த ஊர் ஸ்பெயின் நாட்டு அல்மேரியாவில் போட்ட செட். ஆக எனக்குத் தெரிந்த டெக்சாஸ் இத்தாலியில் வரைந்து, ஸ்பெயினில் படம் பிடித்து, சிவகாசியில் அச்சடித்த டெக்சாஸ். வாசகர் மேல் கல் எறிய எனக்கு யோக்கியதை இல்லை.

இப்போது பாட்டுக்கு வருவோம். 1959-ல் வந்தது. ரேடியோக்காரர்கள் மூன்று நிமிஷத்துக்கு மேல் போனாலே முகம் சுளித்த காலத்தில், நாலரை நிமிஷம். 1960 ஜனவரியில் அமெரிக்காவின் நம்பர் ஒன். அடுத்த வருஷம் கிராமி. கிராடி மார்ட்டினின் கிடாருக்காகவே ஐம்பது தடவை கேட்கலாம். நான் கேட்டிருக்கிறேன்.

கதை இதுதான். ரோசாவின் மதுக்கடையில் ஆடும் மெக்சிகோப் பெண் ஃபெலீனா. அவள் மேல் கிறுக்குப் பிடித்த ஒரு கௌபாய், அவளோடு குடித்துக்கொண்டிருந்த இன்னொருவனைச் சுட்டுக் கொல்கிறான். குதிரை திருடி நியூ மெக்சிகோவுக்கு ஓடுகிறான். மனசு கேட்காமல் திரும்பி வருகிறான். குண்டடி படுகிறான். அவள் மடியில் சாகிறான்.

ஃபெலீனாவுக்கு என்ன கிடைத்தது? கண். நடனம். ஒரு முத்தம். பேசுவதற்கு ஒரு வார்த்தை கிடையாது. 1966-ல் ராபின்ஸுக்கே உறுத்தியதோ என்னவோ, அவளுக்கென்று தனியாக எட்டு நிமிஷப் பாட்டு ஒன்று போட்டார். அதன் முடிவில் அவள் காதலனின் துப்பாக்கியை எடுத்துத் தன்னையே சுட்டுக்கொண்டு சாகிறாள். கொடுத்த எட்டு நிமிஷத்துக்கு வட்டியும் முதலுமாக வசூல் பண்ணிவிட்டார்!

சரி, அந்த ஊரில் நிஜமான பெண்கள் என்ன செய்துகொண்டிருந்தார்கள்?

எல் பாசோவும் ஆற்றுக்கு அக்கரையில் இருக்கும் ஹுவாரெஸும் முன்பு ஒரே நாட்டில் இருந்தவை. 1848 உடன்படிக்கையில் ரியோ கிராண்டே ஆறு எல்லையானது. ஆறு நடுவில் ஓடினாலும் சம்பந்தி வீடு, வேலை, சந்தை எல்லாம் அக்கரை இக்கரைதான். தினமும் பாலத்தைத் தாண்டி வீட்டு வேலைக்கு வருகிற பெண்கள் ஆயிரக்கணக்கில். டைபஸ் காய்ச்சல் பயத்தைச் சொல்லி, 1917-ல் அமெரிக்க அதிகாரிகள் ஓர் ஏற்பாடு செய்தார்கள். பாலம் தாண்டுகிற மெக்சிகோக்காரர்கள் துணியைக் கழற்றிக் கொடுத்துவிட்டு, பேன் ஒழிக்கும் மருந்துக் குளியல் போட வேண்டும். அதில் பெட்ரோலும் கலப்பார்கள். அதற்கு முந்தைய வருஷம்தான் எல் பாசோ சிறையில் இதே மாதிரி பெட்ரோல் குளியலில் தீப்பிடித்து இருபதுக்கும் மேற்பட்டவர்கள் கருகிச் செத்திருந்தார்கள்.

1917 ஜனவரி 28. கார்மெலிட்டா டோரஸ் என்ற 17 வயது வேலைக்காரப் பெண் டிராம் வண்டியிலிருந்து இறங்கி, ‘குளிக்க மாட்டேன்’ என்றாள். சில மணி நேரத்தில் நூற்றுக்கணக்கான பெண்கள் கூடிவிட்டார்கள். பாலம் ஸ்தம்பித்தது. டிராம்கள் நின்றன. பட்டாளம் வந்தது. கார்மெலிட்டாவைப் பிடித்துக்கொண்டு போனார்கள்.

சொல்லுங்க வாசகரே, இது பாட்டுக்கு ஆகாத விஷயமா? நாயகி இருக்கிறாள், பாலம் இருக்கிறது, எதிரி இருக்கிறான். கிராமி வாங்கியிருக்க வேண்டாமா?

சரியாக ஒரு வருஷம் கழித்து, 1918 ஜனவரி 28. எல் பாசோவுக்குத் தென்கிழக்கே, ஆற்றோரம் போர்வெனிர் என்ற குக்கிராமம். 15 ஆண்களையும் பையன்களையும் ராத்திரியில் எழுப்பிக் கூட்டிப்போய்ச் சுட்டுத் தள்ளினார்கள். சுட்டவர்கள் டெக்சாஸ் ரேஞ்சர்களும் அவர்களோடு வந்த பண்ணைக்காரர்களும். சில ரேஞ்சர்களின் வேலை போயிற்று. கோர்ட்டில் ஒருத்தருக்கும் தண்டனை இல்லை. நோட்டுக்குள் வைத்துப் படித்தேனே, அந்த டெக்ஸ் வில்லர் சேர்ந்திருந்த அதே படை.

‘ஆமா சார், அப்படின்னா அவங்களே பாட்டு கட்டிக்க வேண்டியதுதானே?’ என்று அடுத்த மெயில் வரும். கட்டினார்கள். அதற்கு கொரிடோ என்று பெயர். நம்ம ஊர்ச் சந்தையில் மட்டமான காகிதத்தில் கொலைச்சிந்து விற்பார்களே, கிட்டத்தட்ட அந்த ஜாதி. அதில் தலைமகன் கிரிகோரியோ கார்ட்டெஸ்.

இவர் கதை நடந்தது அதே டெக்சாஸின் தெற்குப் பக்கம், 1901 ஜூனில். குதிரைத் திருடனைத் தேடி வந்த ஷெரீஃப், கூட வந்த அரைகுறை மொழிபெயர்ப்பாளரை வைத்து, ‘குதிரை மாற்றினாயா?’ என்று கேட்கிறார். கார்ட்டெஸ் மாற்றியது பெண் குதிரை. ஸ்பானிஷில் ஆண் குதிரைக்கு ஒரு வார்த்தை, பெண் குதிரைக்கு வேறு வார்த்தை. ‘இல்லை’ என்றார். பொய் சொல்கிறான் என்று முடிவு கட்டிவிட்டார்கள். ஷெரீஃப் அண்ணனைச் சுட, கார்ட்டெஸ் ஷெரீஃபைச் சுட்டார். பத்து நாள் ஓட்டம். நூற்றுக்கணக்கான ஆட்கள் துரத்தினார்கள். லாரெடோ பக்கத்தில் பிடிபட்டு, ஜெயிலுக்குப் போய், 1913-ல் கவர்னர் மன்னிப்பில் வெளியே வந்தார். இந்தப் பாட்டைத் தேடித் துருவி, அமெரிக்கோ பரேடெஸ் என்ற எல்லை ஊர்க்காரர் 1958-ல் ஒரு புத்தகமே போட்டார். ராபின்ஸின் பாட்டுக்கு ஒரு வருஷம் முன்னாடி.

இரண்டு பாட்டிலும் கொலை இருக்கிறது, குதிரை இருக்கிறது, ஓட்டம் இருக்கிறது. ராபின்ஸின் கௌபாய் சுட்டது பொறாமையில். கார்ட்டெஸ் சுட்டது, அவர் பேச்சு புரியாத சட்டம் துப்பாக்கியோடு வாசலில் நின்றதால். எந்த டெக்சாஸ் நிஜம் என்று நான் சொல்லித்தான் தெரிய வேண்டுமா?

கொரிடோ எல்லாம் உத்தமம் என்று நான் சான்றிதழ் தரவில்லை. பிற்பாடு போதைக் கடத்தல்காரனைத் தலையில் தூக்கி வைத்து ஆடுகிற கொரிடோக்கள் வந்தன. பணம் வாங்கிக்கொண்டு தாதா பெயரைப் பாட்டில் சேர்க்கிற பிழைப்பும் நடக்கிறது. த்தூ. ஆனால் அதே துறையில் கொடி கட்டிப் பறந்த லோஸ் டிக்ரெஸ் டெல் நோர்ட்டே, ஹுவாரெஸில் 1993 முதல் நூற்றுக்கணக்கில் கொன்று வீசப்பட்ட பெண்களைப் பற்றி 2004-ல் ஒரு பாட்டுப் போட்டது. உடனே ‘ஊர் மானம் போகிறது’ என்று அங்கே முணுமுணுப்பு. கொன்றபோது போகாத மானம், பாடினால் போய்விடும்!

இக்கரை எல் பாசோவிலோ, ஒரு பெண்ணுக்காக ஒருவன் இன்னொருவனைச் சுட்ட பாட்டின் மெட்டில்தான் பல்கலைக்கழக அணியின் உற்சாகப் பாட்டு. டோனிஃபன் சாலையில் ‘ரோசாஸ் கன்டினா’ என்று நிஜமாகவே ஒரு கடை இருக்கிறது. டூரிஸ்டுகள் படம் எடுத்துக்கொள்கிறார்கள். பி.காம் படித்தவன் என்ற முறையில் எனக்கு இந்தக் கணக்கு புரிகிறது. ஃபெலீனா சொத்து, வரவில் வைக்கலாம். கார்மெலிட்டா கடன் பாக்கி, காட்டினால் பாலன்ஸ் ஷீட் இடிக்கும்.

2019 ஆகஸ்ட் 3-ம் தேதி, டாலஸ் பக்கத்திலிருந்து ஒருவன் ஏறக்குறைய ஆயிரம் கிலோமீட்டர் கார் ஓட்டிவந்து, எல் பாசோ வால்மார்ட்டில் சுட்டதில் 23 பேர் செத்தார்கள். டெக்சாஸின் மேல் ஹிஸ்பானியர்கள் படையெடுத்து வருகிறார்கள் என்று எழுதி வைத்துவிட்டு வந்திருந்தான். அந்த ஊரில் நூற்றுக்கு எண்பது பேர் அவர்கள்தான். ஊருக்குப் பெயர் வைத்ததே ஸ்பானிஷ் மொழி. பாட்டைக் கேட்டு அவன் சுட்டான் என்று நான் சொல்லவில்லை. அப்படிச் சொன்னால் அது அயோக்கியத்தனம். ஆனால் பாட்டிலும் படத்திலும் காமிக்ஸிலும் அந்த மண்ணின் சொந்தக்காரர்களை ஆட்டக்காரியாகவும் கொள்ளைக்காரனாகவும் மட்டும் பார்த்துப் பழகிய கண்ணுக்கு, அவர்கள் எப்போதும் வெளியூர்க்காரர்கள்தான். என் கண் அப்படித்தான் பழகியிருந்தது. சிவகாசிப் புத்தகம் படித்த எனக்கே இந்தக் கதி என்றால், பக்கத்திலேயே பிறந்தவனைப் பற்றி என்ன சொல்ல?

வாசகர் மெயிலோடு ஒரு படமும் அனுப்பியிருக்கிறார். குடும்பத்தோடு ரோசா கடை வாசலில். மகளுக்குப் பதினாறு, பதினேழு வயசு இருக்கும். அடுத்த முறை போகும்போது சாண்டா ஃபே தெரு வழியாக அப்படியே பாலம் வரைக்கும் நடங்க சார். கார்மெலிட்டா டிராமிலிருந்து இறங்கிய இடம் அதுதான். அங்கேயும் ஒரு படம் எடுத்து அனுப்புங்க.