நாம் ஒரே வரியில் கடந்துபோகும் புகையிரதக் கம்பெனி

கொஞ்சம் நீளமான பதிவு. நேரமுள்ளவர்கள் பொறுமையாக வாசியுங்கள்.

வரலாறு பாடத்தில் பெருந்தோட்டப் பொருளாதாரம் வரும்போது ஆசிரியர்களாகிய நாங்கள் புகையிரதத்தை ஒரே வரியில் முடித்துவிடுகிறோம். கோப்பியைத் துறைமுகத்துக்குக் கொண்டுபோக ஆங்கிலேயர் புகையிரதப் பாதை அமைத்தார்கள். பிள்ளைகள் பாடமாக்கி எழுதுகிறார்கள், புள்ளியும் கிடைக்கிறது. வரியில் பிழை இல்லை. ஆனால் யாருடைய காசில் அமைத்தார்கள் என்ற கேள்வி அதற்குள் இல்லை. அரச நிறுவனங்களை யாரிடம் கொடுப்பது, எந்த நிபந்தனையில் கொடுப்பது என்று தேநீர்க் கடையிலும் முகநூலிலும் நாம் சண்டை பிடிக்கும் இந்தக் காலத்தில், அந்தக் கேள்வியை விட்டுவிட்டுப் பாடம் நடத்துவது எங்களுக்குச் சரியாகப் படவில்லை.

1845 இல் லண்டனில் 'இலங்கைப் புகையிரதக் கம்பெனி' என்று ஒன்று தொடங்கப்பட்டது. அதன் தலைவர் பிலிப் அன்ஸ்ட்ரதர். யார் இவர்? இலங்கையின் முன்னாள் குடியேற்றச் செயலாளர். நேற்று வரை தேசாதிபதிக்கு அடுத்த கதிரையில் இருந்தவர், இன்று அதே அரசாங்கத்தோடு பேரம் பேசும் கம்பெனியின் தலைவர். இந்தப் பழக்கம் நமது காலத்துக் கண்டுபிடிப்பு என்று யாரும் நினைக்க வேண்டாம்.

பிறகு 1847 இல் கோப்பி விலை விழுந்தது, திட்டமும் படுத்துவிட்டது. மீண்டும் எழும்பியது 1856 அளவில். அப்போது செய்த ஏற்பாடுதான் நாம் பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டிய விஷயம். கம்பெனி போடும் முதலுக்கு இலங்கை அரசாங்கம் வட்டி உத்தரவாதம் கொடுக்க வேண்டும். இந்தியாவிலும் இதே முறைதான், அங்கே நூற்றுக்கு 5 வீதம். வகுப்பில் இதை இப்படிச் சொல்லலாம்: ஊரில் ஒருவர் கடை போடுகிறார். இலாபம் வந்தால் அவருக்கு. வராவிட்டால் ஊர்ப் பொதுப் பணத்திலிருந்து வருடா வருடம் அவருக்கு வட்டி. இதை வியாபாரம் என்று ஒன்பதாம் தரப் பிள்ளைகூட ஒத்துக்கொள்ளாது.

அடுத்து நடந்ததைப் பாருங்கள். 1857 இல் கப்டன் மூர்சம் வந்து பாதையை ஆராய்ந்து 856,557 பவுண் போதும் என்று கணக்குக் கொடுத்தார். 1858 ஓகஸ்ட்டில் தேசாதிபதி ஹென்றி வோர்ட் முதல் மண்ணை வெட்டினார். அதன் பிறகு கம்பெனியின் பொறியியலாளர் டொயின் திரும்பக் கணக்குப் பார்த்தார், தொகை 20 இலட்சம் பவுணுக்கு மேல் ஏறிவிட்டது. செலவு கூடினால் கம்பெனிக்கு என்ன நட்டம்? முதல் எவ்வளவு கூடுகிறதோ, உத்தரவாத வட்டியும் அவ்வளவு கூடும். கடைசியில் 1861 இல் ஒப்பந்தம் கலைக்கப்பட்டது. கம்பெனி ஒரு ரயிலையாவது ஓட்டாமலேயே மறைந்துபோனது.

அரசாங்கம் தானே பொறுப்பெடுத்தது. கேள்விப்பத்திரம் கோரி, பெவில் என்ற ஒப்பந்தக்காரரிடம் 873,039 பவுணுக்கு வேலையைக் கொடுத்தது. (மற்றச் செலவுகள் எல்லாம் சேர்ந்தபோது மொத்தம் இதைவிட எவ்வளவோ கூடிவிட்டது, அதையும் சொல்லத்தான் வேண்டும்.) பெவிலும் தனியார்தான், இதைக் கவனியுங்கள். வித்தியாசம் என்னவென்றால், அவருக்குச் செய்த வேலைக்குக் கூலி. செய்யாத வேலைக்கு வட்டி இல்லை. அதனால் தனியாரா அரசா என்று மட்டும் கத்திக்கொண்டிருப்பவர்களோடு எங்களுக்கு உடன்பாடு இல்லை. நட்டம் யார் தலையில் என்பதைத்தான் முதலில் கேட்க வேண்டும்.

1864 டிசம்பர் 27 இல் கொழும்பிலிருந்து அம்பேபுஸ்ஸைக்கு முதல் ரயில் ஓடியது. அதற்குப் பிரதம விருந்தினர் பிரபாண்ட் கோமகன். பிற்காலத்தில் பெல்ஜிய மன்னர் இரண்டாம் லியோபோல்ட் ஆகி கொங்கோ மக்களைக் கசக்கிப் பிழிந்த அதே ஆள். 1867 இல் பாதை கண்டியை அடைந்தது.

காசு எங்கிருந்து வந்தது? பெரும்பகுதி கோப்பி ஏற்றுமதித் தீர்வை. தோட்டத் துரைமார் நாங்கள்தான் கட்டினோம் என்று மார்தட்டியதற்கு அதுதான் காரணம். ஆனால் கண்டிக் கிராமத்தான் தன் வளவில் பறித்த கோப்பியும் அதே சுங்கத்தைத் தாண்டித்தான் கப்பலேறியது. அரசாங்கத் திறைசேரிக்குள் நெல்வரியும் இருந்தது, உப்பு வருமானமும் இருந்தது.

எங்கள் சமூகத்துக்கும் இதில் ஒரு பங்கு உண்டு, பாடப்புத்தகத்தில் இல்லாத பங்கு. பாதைகள் வருமுன் கரையோரத்திலிருந்து உப்பும் கருவாடும் புடவையும் கண்டி நாட்டுக்குள் போனது தவள மாடுகளின் முதுகில். அந்தத் தவளங்களை ஓட்டியவர்களில் எமது மூத்தவாப்பாமார் நிறையப்பேர். முதலில் வண்டிப் பாதை வந்தது, பிறகு இரும்புப் பாதை வந்தது, தவளம் அழிந்தது. அதற்காக அழ வேண்டியதில்லை, காலம் அப்படித்தான். பதிவாவது இருந்திருக்கலாம்.

அதைவிடப் பெரிய மௌனம் கடுகண்ணாவை ஏற்றத்தில் இருக்கிறது. 45 அடிக்கு ஓர் அடி ஏறும் அந்த மலையைக் குடைந்தவர்களில் பெருந்தொகையானோர் தென்னிந்தியாவிலிருந்து வந்த கூலிகள். காய்ச்சலில் செத்தவர்கள் பலர். தேசாதிபதியின் பெயர் தெரியும், பொறியியலாளர் மோல்ஸ்வேர்த்தின் பெயர் தெரியும், ஒப்பந்தக்காரரின் பெயரும் தெரியும்.

பாதை கண்டிக்கு வந்து இரண்டே வருடத்தில், 1869 இல், கோப்பி இலையில் நோய் கண்டது. கோப்பி போனது, தேயிலை வந்தது, பாதை நானுஓயாவுக்கும் பதுளைக்கும் ஏறியது. எந்தப் பயிருக்காகப் போட்டார்களோ அது செத்த பிறகும் பாதை மிஞ்சியது, அது அரசாங்கத்தின் சொத்தாகவே மிஞ்சியது.

கடுகண்ணாவையில் புகையிரத அருங்காட்சியகம் இருக்கிறது. கல்விச் சுற்றுலாவில் பிள்ளைகளை அங்கே கொண்டுபோகும் ஆசிரிய நண்பர்களே, பழைய இயந்திரங்களுக்கு முன்னால் படம் எடுத்து முடிந்ததும் இரண்டு கேள்விகளைக் கொடுத்து எழுதச் சொல்லுங்கள். இந்தப் பாதைக்குக் காசு கொடுத்தவர் யார்? இந்தச் சுரங்கத்தை வெட்டியவர் யார்? பஸ் திரும்பி வரும் நேரத்துக்குள் எழுதி முடித்துவிடுவார்கள்.