பிளினியைக் கரையிலிருந்து வாசித்தல்

1859ஆம் ஆண்டில் அச்சான இரண்டு ஆங்கில நூல்களை நம் துறையினர் அருகருகே வைத்துப் படிக்க வேண்டும். ஒன்று, இலங்கையில் குடியேற்றச் செயலாளராக இருந்த ஜேம்ஸ் எமர்சன் டெனன்ட் இலண்டனில் வெளியிட்ட ‘சிலோன்’. கிரேக்க, இலத்தீன் ஆசிரியர்கள் தப்ரபேன் என்ற பெயரில் இலங்கைத் தீவைப் பற்றிச் சொன்னவற்றை எல்லாம் தேடித் திரட்டிப் பேசும் நூல் அது. மற்றது யாழ்ப்பாணத்தில் அச்சான ‘தமிழ் புளூட்டாக்’. எழுதியவர் சைமன் காசிச்செட்டி. 1807இல் கற்பிட்டியில் பிறந்து, புத்தளத்தில் மணியக்காரராகவும் முதலியாராகவும் இருந்து, சட்டநிரூபண சபையில் அமர்ந்து, பிறகு சிவில் சேவையில் சேர்ந்து சிலாபத்தில் நீதிபதியாகப் பணியாற்றியவர். நூல் வெளிவந்த அடுத்த ஆண்டே மறைந்துவிட்டார்.

தமிழ்ப் புலவர்களின் வரலாற்றைச் சொல்லும் நூலுக்குக் கைரோனியா ஊர்க் கிரேக்கரின் பெயரை ஒரு கற்பிட்டிக்காரர் சூட்டியது ஏன்? செந்நெறிக் கல்வியின் வரவேற்பு வரலாற்றைப் படிக்கும் மாணவர்கள் இந்தக் கேள்வியை எடுத்துக்கொள்ளும்போது பெரும்பாலும் ‘புளூட்டாக்கின் தாக்கம்’ என்று தலைப்பிட்டுவிடுகிறார்கள். அப்படித் தொடங்குவது சரியல்ல. புளூட்டாக் ஒரு கிரேக்கரையும் ஓர் உரோமரையும் இணையாக நிறுத்தி, இறுதியில் இருவரையும் ஒப்பிட்டு எடைபோடுகிறவர். காசிச்செட்டியின் நூலில் இணையும் இல்லை, ஒப்பீடும் இல்லை. புலவர்கள் அகரவரிசையில் வருகிறார்கள். அமைப்பால் அது பைசாந்தியத்தின் ‘சூடா’ அகராதிக்கே நெருக்கமானது. ‘புளூட்டாக்’ என்ற சொல்லை வாழ்க்கை வரலாற்றுத் தொகுதிகளுக்குப் பொதுப்பெயராக வைக்கும் வழக்கம் ஆங்கிலத்தில் அதற்கு நெடுநாள் முன்பே இருந்தது. ‘பிரித்தானிய புளூட்டாக்’ 1762இலேயே வெளிவந்துவிட்டது. பெயர் அந்த வழியாக வந்திருக்கவே வாய்ப்பு அதிகம்.

ஆனால் உள்ளே நுழைந்து படித்தால் வேறொரு உறவு தென்படுகிறது. அலெக்சாந்தரின் வாழ்க்கையைத் தொடங்கும்போது புளூட்டாக் தன் முறையை விளக்குகிறார்: பெரும் போர்களைவிட ஒரு சிறு பேச்சும் ஒரு வேடிக்கையும் ஒருவரின் இயல்பைத் தெளிவாகக் காட்டிவிடும் என்பது அவர் கருத்து. கம்பரும் ஒட்டக்கூத்தரும், ஔவையார், காளமேகம் என்று நம்மிடையே வழங்கும் புலவர் கதைகள் எல்லாம் இதே நம்பிக்கையில் நிற்பவை. தனிப்பாடல் ஒன்று, அது பிறந்த சந்தர்ப்பம் ஒன்று, அதற்குள் ஒரு மனிதர். காசிச்செட்டிக்கு இந்த முறை கைரோனியாவிலிருந்து வரவேண்டிய தேவை இருக்கவில்லை. இரண்டு மரபுகளும் தனித்தனியே ஒரே இடத்தை அடைந்திருக்கின்றன என்பதே என் எண்ணம். இதை ஒருவர் கிரேக்க மூலத்தையும் தமிழ்த் தனிப்பாடல் திரட்டுகளையும் வைத்து நிறுவினாலும் மறுத்தாலும் அது நல்ல முதுகலை ஆய்வாக அமையும். அப்படி ஆராய்கிறவர் ஒன்றை மறந்துவிடக் கூடாது. கலித்தொகை அச்சேறியது 1887இல், பத்துப்பாட்டு 1889இல், புறநானூறு 1894இல். இவை எதுவும் அச்சில் இல்லாத காலத்தில் எழுதப்பட்ட புலவர் வரலாற்றை இன்றைய காலவரிசையால் அளந்து குறை சொல்வது நியாயமாகாது.

புளூட்டாக்கிடம் நாம் திரும்பிச் செல்ல வேண்டிய இன்னொரு இடம் தெமொஸ்தெனிஸ் வாழ்க்கையின் முன்னுரை. பல நாட்டு நூல்களைத் தேடி வரலாறு எழுதுகிறவர் பெரிய நகரத்தில் வாழ வேண்டும், அங்கேதான் நூல்களும் கிடைக்கும், நூல்களில் ஏறாத செய்திகளும் கிடைக்கும் என்று அவர் ஒப்புக்கொள்கிறார். தான் வாழ்வது சிற்றூர் என்கிறார். அது இன்னும் சிறிதாகிவிடக் கூடாது என்பதற்காகவே அங்கே இருக்கிறாராம். இலத்தீனை வயது சென்ற பிறகே வாசிக்கத் தொடங்கியதாகவும் சொல்கிறார். சொற்களைக் கொண்டு விடயங்களை அறிந்ததைவிட, முன்பே தெரிந்திருந்த விடயங்களைக் கொண்டு சொற்களை விளங்கிக்கொண்டதே அதிகம் என்பது அவர் தரும் விளக்கம். தமிழ்மொழி மூலம் படித்துவிட்டுப் பல்கலைக்கழகத்தில் கிரேக்கத்தையும் இலத்தீனையும் முதன்முதலாகக் காணும் மாணவருக்கு இதைவிட ஊக்கமான பகுதி வேறில்லை என்று நினைக்கிறேன்.

இந்த உரையைக் கற்பிட்டியிலிருந்து எழுதுகிறேன். இங்குள்ளவர்களுக்கு முன்பே தெரிந்த விடயங்கள் எந்தெந்தக் கிரேக்க, இலத்தீன் பகுதிகளுக்கு வெளிச்சம் தரும் என்பதைச் சொல்ல விரும்புகிறேன்.

பிளினியின் ‘இயற்கை வரலாறு’, ஆறாம் நூல். செங்கடல் வரியைக் குத்தகைக்கு எடுத்திருந்த அன்னியஸ் புளோகாமஸ் என்பவரின் விடுதலை பெற்ற அடிமை ஒருவர், அராபியாவைச் சுற்றிக் கப்பலில் போகும்போது காற்றில் அகப்பட்டு, கர்மானியாவைக் கடந்து, பதினைந்தாம் நாள் தப்ரபேனின் ஹிப்புரோஸ் துறையில் வந்து சேர்கிறார். காற்றுக்குப் பிளினி இடும் பெயர் ‘அக்விலோ’, வட அல்லது வடகிழக்குக் காற்று. மொழிபெயர்ப்பில் படிக்கும் மாணவர் இதில் ஒரு சிக்கலும் காணாமல் கடந்துவிடுவார். வாடையையும் கச்சானையும் சோளகத்தையும் வைத்து ஆண்டைப் பிரித்துக்கொள்கிற, காற்று மாறினால் வாடியையே கிழக்குக் கரைக்கு மாற்றிக்கொள்கிற கடற்றொழிலாளியிடம் இதே வாக்கியத்தைச் சொல்லிப் பாருங்கள். வாடை அடிக்கும் மாதங்களில் அராபியக் கரையில் நிற்கும் கப்பல் ஆபிரிக்கப் பக்கம் தள்ளப்படுமே தவிர இந்தப் பக்கம் எப்படி வரும் என்று உடனே கேட்பார். அது பாடத்திறனாய்வுக் கேள்வி. பிளினி கேட்ட செய்தியில் காற்றின் பெயர் மாறியிருக்கலாம். ஓமான் குடாவின் வாயிலிருந்து தென்கிழக்காக அடிக்கும் காற்றை ஓர் உரோம ஆசிரியர் தனக்குப் பழகிய பெயரால் குறித்திருக்கலாம். அல்லது வழிதவறிய கப்பல் என்பதே கதைக்காகச் சேர்ந்த அலங்காரமாகவும், உண்மையில் அது திட்டமிட்ட வணிகப் பயணமாகவும் இருக்கலாம். மூன்றில் எதைத் தெரிவுசெய்தாலும் அந்தப் பகுதியின் பொருள் மாறும்.

காலமும் இதே போலச் சிக்கலானது. தப்ரபேன் மன்னன் அனுப்பிய தூது குளோடியஸ் ஆட்சியில் (கி.பி. 41-54) உரோமுக்கு வந்ததாகப் பிளினி சொல்கிறார். ஆனால் எகிப்தின் கிழக்குப் பாலைவனத்தில், பெரெனிக்கே துறையிலிருந்து நைல் நதிக்குப் போகும் வழியில், வாதி மெனி என்ற இடத்துப் பாறையில் புளோகாமஸின் ஆள் லைசாஸ் இலத்தீனிலும் கிரேக்கத்திலும் தன் பெயரைப் பொறித்துவைத்திருக்கிறார். காலம் கி.பி. 6, யூலை மாதம், அகஸ்டஸ் ஆட்சி. 1953இல் அந்தப் பொறிப்பு வெளியான நாள் முதல், அடிமை வந்ததற்கும் தூது போனதற்கும் இடையில் பல ஆண்டுகள் கழிந்திருக்க வேண்டும் என்ற வாதம் தொடர்கிறது. மகாவம்சத்தின் உரையான வம்சத்தப்பகாசினியோ பாதிகாபய மன்னன் உரோம நாட்டிலிருந்து பவளம் வருவித்ததாகச் சொல்கிறது. அவன் ஆட்சியும் அகஸ்டஸின் காலத்தை ஒட்டியே வருகிறது. இலத்தீன் நூல், பாறைப் பொறிப்பு, பாளி உரை ஆகிய மூன்றையும் ஒரே மேசையில் வைக்கும் பயிற்சியை நம் மாணவருக்குத் தர வேண்டும்.

தப்ரபேன் மன்னன் உரோம நாணயங்களைப் பார்த்து, வெவ்வேறு பேரரசர்களின் உருவம் இருந்தும் எடை ஒன்றாக இருப்பதை வியந்தான் என்கிறது பிளினியின் கதை. ஏறத்தாழ ஐந்நூறு ஆண்டுகள் கழித்துக் கிரேக்கத்தில் எழுதிய கொஸ்மாஸ், சோபத்ரோஸ் என்ற வணிகரைப் பற்றிச் சொல்லும் கதையிலும் இத்தீவின் மன்னன் ஒருவன் உரோமப் பொற்காசையும் பாரசீக வெள்ளிக்காசையும் ஒப்பிட்டு உரோமரையே உயர்த்துகிறான். தொலைதூர மன்னனின் வாயால் தம்மைப் புகழ்ந்துகொள்ளும் வழக்கம் அந்த இலக்கியத்தில் இருந்தது. இரண்டையும் வரலாற்றுச் சான்றாக மட்டும் எடுத்தாளும் கட்டுரைகள் இன்னும் இவ்விதழுக்கு வருகின்றன. அவற்றின் இலக்கியத் தன்மையைப் பேசாத கட்டுரையைத் திருத்தத்துக்குத் திருப்பி அனுப்புவதே எங்கள் வழக்கமாக இருக்கும்.

ஹிப்புரோஸ் என்பது கற்பிட்டிக்கு வடக்கே குடாவுக்கு அப்பால் இருக்கும் குதிரைமலையே என்று பலர் எழுதியிருக்கிறார்கள். கிரேக்கப் பெயரிலும் குதிரை இருக்கிறது, முத்துக் குளித்த கடலும் பக்கத்திலேயே இருக்கிறது. இந்த ஊர்க்காரர் எவருக்கும் மகிழ்ச்சி தரும் முடிவு அது. ஆயினும் பெயர் ஒற்றுமையை முதன்மை ஆதாரமாகக் கொண்டு ஓர் இடத்தை அடையாளம் காண்பது பலவீனமான முறை. மன்னாருக்கு அருகே மாந்தையில் 1980களில் நடந்த அகழாய்வு போல மண்ணிலிருந்து சான்று வரும்வரை ‘இருக்கலாம்’ என்ற சொல்லோடு நிற்பதே நமக்குப் பெருமை.

இனி ஈலியன். விலங்குகளைப் பற்றிய நூலின் பதினாறாம் பகுதியில், தப்ரபேனைச் சூழ்ந்த கடலில் சிங்கமுகம், ஆட்டுமுகம் கொண்ட பிராணிகளும், பெண்முகம் கொண்டு தலைமயிருக்குப் பதில் முள் உடையனவும் இருப்பதாக எழுதுகிறார். இதைக் கட்டுக்கதை என்று ஒதுக்கிவிடுவது எளிது. டெனன்ட் ஒதுக்கவில்லை. கற்பிட்டிக் குடா முதல் ஆதாம் பாலம் வரையுள்ள அமைதியான கடலில் கடற்பாசி மேய வரும் ஆவுளியாவை அவர் அதே 1859ஆம் ஆண்டு நூலில் விவரித்து, ஈலியனின் பெண்முகப் பிராணிக்கு அதுவே மூலமாக இருக்கலாம் என்று கருதினார். குட்டியை அணைத்துப் பாலூட்டும் அந்தக் கடற்பசுவைப் பற்றி நம் கரைக்கிராமத்து முதியவர்களிடம் இன்றும் கேட்கலாம். அது இப்போது மிக அரிதாகிவிட்டது. சட்டத்தால் காக்கப்படும் உயிரினம். அதைக் கண்டவர்களின் சொல்வழக்கைப் பதிந்து ஈலியனின் கிரேக்கத்தோடு வைத்துப் படிக்கும் ஆய்வு அதிக நாள் காத்திருக்க முடியாது.

நம் பல்கலைக்கழகங்களின் நிலை தெரிந்ததே. பேராதனையில் மேலைச் செந்நெறிக் கல்விக்கு நீண்ட மரபு உண்டு. மேர்லின் பெரிஸ் போன்றோர் அங்கே கற்பித்தார்கள். களனியில் அதற்கெனத் துறை இருக்கிறது. க.பொ.த. உயர்தரத்தில் கிரேக்க உரோம நாகரிகம் ஒரு பாடம். டி.பி.எம். வீரக்கொடி 1997இல் வெளியிட்ட ‘தப்ரபேன்’ நூல், இத்தீவைப் பற்றிய கிரேக்க, இலத்தீன் சான்றுகளைத் திரட்டி ஆராய்ந்து நமக்குத் தந்திருக்கிறது. ஆனால் தமிழ் மாணவர் கையில் இருப்பவை பெரும்பாலும் ஆங்கிலம் வழியே வந்த தமிழ் நூல்கள். வெ. சாமிநாத சர்மாவின் ‘கிரீஸ் வாழ்ந்த வரலாறு’ ஒரு தலைமுறையின் கண்ணைத் திறந்தது. அதற்கு நாம் கடன்பட்டவர்கள். ஆராய்ச்சிக்கு அது போதாது. ‘அக்விலோ’ போன்ற ஒரு சொல்லில் வாதமே தங்கியிருக்கும்போது, மூலத்துக்கும் வாசகருக்கும் நடுவே இன்னொரு மொழியை நிறுத்திவைப்பது ஆபத்து.

மூலத்தைத் தொட்டவர் எவ்வளவு தூரம் போகலாம் என்பதற்குக் க. கைலாசபதி இருக்கிறார். பர்மிங்காம் பல்கலைக்கழகத்தில் கிரேக்கப் பேராசிரியர் ஜோர்ஜ் தொம்சனிடம் ஆய்வு செய்து, சங்கப் பாடல்களை ஹோமரோடும் வாய்மொழிப் பாடல் கோட்பாட்டோடும் ஒப்பிட்டு எழுதிய ‘தமிழ் வீரநிலைக் கவிதை’ 1968இல் ஒக்ஸ்போட்டிலிருந்து ஆங்கிலத்தில் வெளிவந்தது. சங்கப் புலவர் வாய்மொழிப் பாணரா, கற்றறிந்து எழுதியவரா என்பதில் அவருடைய முடிவைப் பின்வந்தோர் மறுத்திருக்கிறார்கள். மறுத்தவர்களும் அவர் வகுத்த கேள்வியையே எடுத்துப் பேச வேண்டியிருந்தது. தமிழிலிருந்து புறப்பட்டு ஹோமரிடம் போய்த் திரும்பிய அந்தப் பயணத்தை நம் துறைகள் பாடத்திட்டத்தில் வைக்க வேண்டும். கைலாசபதியைத் தமிழ்த் துறைக்கு மட்டும் உரியவராக விட்டுவைத்தது செந்நெறித் துறைகளின் இழப்பு.

ஆகவே இவ்விதழ் ஒரு பணியைத் தொடங்குகிறது. தப்ரபேன் பற்றிய பகுதிகள் கிரேக்கத்திலிருந்தும் இலத்தீனிலிருந்தும் நேரே தமிழாக்கம் செய்யப்பட்டு, மூலமும் உரைக்குறிப்பும் சேர்ந்து இதழ்தோறும் வரும். இலியட்டும் ஒடிசியும் பிறகு வரட்டும். முதலில் பிளினி, ஆறாம் நூல், 84ஆம் பிரிவு முதல் 91 வரை. அடுத்துத் தொலமியின் ஏழாம் நூலில் தீவின் கரையோரப் பெயர்கள். பிறகு ஈலியன், ‘எரித்திரேயக் கடற்பயணக் குறிப்பு’, கொஸ்மாஸ். ஒவ்வொரு பகுதிக்கும் இரண்டு பேர் மதிப்பீடு செய்வார்கள். ஒருவர் மொழியறிந்தவர். மற்றவர் அந்தப் பகுதி பேசும் காற்றையோ சிப்பித் திடலையோ விலங்கையோ தொழிலால் அறிந்தவர். அவர் பட்டம் பெற்றவராக இருக்க வேண்டியதில்லை. அவருடைய குறிப்பும் பெயரோடு அச்சாகும்.

விரிவுரையாளர்களிடம் ஒரு வேண்டுகோள். இறுதியாண்டு மாணவர் ஒருவருக்கு அரைப்பக்க மூலத்தைக் கொடுங்கள். அகராதியும் இலக்கண நூலும் வைத்து அவரே மொழிபெயர்க்கட்டும். தெரியாத இடத்தில் தெரியாது என்று குறிப்பிடட்டும். ஆங்கில மொழிபெயர்ப்பைக் கடைசியில்தான் திறக்க வேண்டும். அப்படி வரும் கைப்பிரதிகளை, எவ்வளவு சிறியதாக இருந்தாலும், நாங்கள் வரிக்கு வரி படித்துப் பதில் எழுதுவோம். பிளினிப் பகுதியின் முதல் வரைவுகளை வாடை தொடங்குமுன் எதிர்பார்க்கிறோம்; அந்த மாதங்களில் இங்குள்ள மதிப்பீட்டாளர்கள் பலர் கரையில் இருப்பார்கள்.