நான்கு வரி வசனம்



பள்ளி நாடகத்தில் தம் பிள்ளைக்குக் கதாநாயகன் வேடம் கிட்டாவிடில் முகம் வாடும் பெற்றோர் பாகான் செராயிலும் உளர். அவர்களுக்கு நடிகர் டில்லி கணேஷ் அவர்களை நினைவூட்ட விழைகின்றேன்.

1944இல் வல்லநாட்டில் பிறந்து, பத்தாண்டுகள் இந்திய விமானப்படையில் பணியாற்றி, டில்லியில் மேடை நாடகங்களில் பழகிய பின்னரே அவர் திரைக்கு வந்தார். 'பட்டினப்பிரவேசம்' (1977) படத்தில் அறிமுகப்படுத்திய கே.பாலசந்தரே அப்பெயரைச் சூட்டினார். 2024 நவம்பரில் மறையும்வரை நானூறுக்கும் மேற்பட்ட படங்கள். தொலைக்காட்சித் தொடர்கள் வேறு. பெரும்பாலும் தந்தை, மாமனார், கணக்கர் வேடங்களே!

'மைக்கேல் மதன காமராஜன்' (1990) படத்தைப் பாருங்கள். திருநெல்வேலிச் சீமைக்காரர் பாலக்காட்டுத் தமிழ் பேசும் சமையற்காரராகவே மாறியிருப்பார். பிறர் பேச்சை உன்னிப்பாகச் செவிமடுக்காதவருக்கு அது கைகூடாது. நாம் வகுப்பில் போதிக்கும் கேட்டல், பேச்சுத் திறன் இதுவன்றி வேறென்ன? கதாநாயகனை ஒப்பனையும் உடையும் ஓரளவு காப்பாற்றிவிடும். நான்கு வரி பேசுபவனுக்கு உச்சரிப்பே துணை. ஆயினும், திக்கித் திணறும் மாணவனுக்கே அந்த நான்கு வரியை நாம் ஒதுக்குகிறோம். நன்கொடையாளர் பிள்ளைக்கு மகுடம் சூட்டுகிறோம்.

இவ்வாண்டு ஒத்திகையின் முதல் வாரம் எவருக்கும் வேடம் அறிவிக்க வேண்டா. மாணவர் அனைவரும் துணை வேட வசனங்களையே பேசிக் காட்டட்டும்.