தன்னை எண்ண மறந்தவர்



பெரம்பலூரில் புதுமனை ஒன்றை மந்திரிக்கச் சென்றிருந்தோம். தொலைக்காட்சியில் ‘காதலிக்க நேரமில்லை’ ஓடிக்கொண்டிருந்தது. பாட்டி முதல் பேரன் வரை வயிறு குலுங்கச் சிரித்துக்கொண்டிருந்தனர். உண்மையைச் சொன்னால், செபத்தைச் சற்றுத் தள்ளிவைத்துவிட்டு நாமும் அமர்ந்துவிட்டோம்!

1964ஆம் ஆண்டு ஸ்ரீதர் இயக்கிய படம் அது. அறுபது ஆண்டுகள் கடந்தும் அதன் சிரிப்பு வாடாதது ஏன்? படமெடுக்கத் துடிக்கும் மகன் செல்லப்பாவாக வரும் நாகேஷ், தந்தைக்குத் திகில் கதை சொல்கிறார். கேட்கும் பாலையா அதிகம் பேசுவதில்லை. அச்சம் அவர் முகத்தில் படிப்படியாக ஏறுகிறது. நாம் சிரிப்பது கதையைக் கேட்டன்று, அந்த முகத்தைக் கண்டே.

அந்தத் தந்தை விசுவநாதன் பணக்காரச் சம்பந்தத்தையே நாடுபவர். தாம் வேலையினின்று நீக்கிய இளைஞன் கோடீசுவரரின் மகன் என்று நம்பியதும் அவர் குழைகிற குழைவு இருக்கிறதே! எளியவரை இழிவுபடுத்தாமல், செல்வத்தின்முன் வளையும் மனத்தை நகையாடுவதால்தான் அச்சிரிப்பு நிலைத்திருக்கிறது.

நம் பகுதிக்கு இது புதிதன்று. அரியலூரை அடுத்த ஏலாக்குறிச்சியில் இறைப்பணி புரிந்த வீரமாமுனிவர் அன்றோ ‘பரமார்த்த குருவின் கதை’யை நமக்குத் தந்தவர்! ஆற்றைக் கடந்து கரையேறியதும் அதில் எண்ணுகிறவன் மற்றவரையெல்லாம் எண்ணுகிறான். தன்னை எண்ண மறக்கிறான். ஒருவரை ஆறு கொண்டுபோயிற்று என்று அனைவரும் அழுகின்றனர்.

அன்று அவ்வீட்டுத் தலைவரும் எல்லாரோடும் சிரித்தார். பாலையா குழைந்த காட்சியிலோ அவர் சிரிப்பு நின்றது. மணப்பருவத்து மகள் தலை கவிழ்ந்திருந்தாள். விடைபெறுகையில் வாசல்வரை வந்தார். “சாமி, அந்தப் பையனுக்கு எத்தனை ஏக்கர் என்று கேட்டேன். குணம் எப்படி என்று கேட்கவே இல்லையே” என்றார். அவரது இசைவுடனேயே இதனை எழுதுகிறோம்.

ஈசாக்கு என்னும் பெயருக்கே சிரிப்பு என்பது பொருள். முதுமையில் சாராளுக்கு ஆண்டவர் ஈந்த கொடை அது. சிரிப்பதில் பாவமில்லை, அன்பர்களே. ஆனால், சிரித்து முடித்ததும் ஒருமுறை எண்ணிப் பார்ப்போம். அந்தக் கணக்கில் நம்மையும் சேர்த்துக்கொண்டோமா?