நோட் போட்டவர் யார்?

என் பேத்தி விஸ்காம் படிக்கிறாள். கேமரா வேலைக்குத்தான் போவேன் என்கிறாள். "டைரக்டர் ஆவேன் என்றாலாவது சரி. கேமராவைத் தூக்கிக்கொண்டு கடைசியில் சீரியலுக்குத்தானே போய் நிற்பாய்?" என்பது என் மகனின் கவலை. வீட்டில் இரண்டு வாரமாக இதே பேச்சு. நான் பேத்தி பக்கம்.

ரவுல் குத்தார் என்ற பெயர் நம் புதுச்சேரிக்காரர்களிலேயே எத்தனை பேருக்குத் தெரியும்? கோதாரைத் தெரியும். 1960-இல் வந்த 'அ பூ த் சூஃப்ள்' படத்துக்காக அவரைக் கொண்டாடுகிறோம். தப்பில்லை. ஆனால் அதற்குக் கேமரா பிடித்தவர் குத்தார். கோதார் மனதில் வேறொருவர் இருந்தார். தயாரிப்பாளர்தான் பிடிவாதமாக இவரைச் சேர்த்தார்.

பெரிய விளக்குகள் கிடையாது, ஜன்னல் வெளிச்சம் போதும். குத்தார் கேமராவோடு சக்கர நாற்காலியில் உட்கார, கோதார் தள்ளுவார். ஷான்செலிசே வீதியில் ஜனங்கள் திரும்பிப் பார்க்கக் கூடாதென்று தபால் வண்டிக்குள் ஒளிந்துகொண்டு எடுத்தார். இரவுக் காட்சிகளுக்கு, புகைப்படக்காரர்கள் உபயோகித்த இல்ஃபோர்டு பிலிமை வாங்கி, 17.5 மீட்டர் சுருள்களை ஒன்றோடொன்று ஒட்டி ஓட்டினார்கள்.

இந்தக் கை பழகியது இந்தோசீனாவில். ராணுவத்துக்கும் பிறகு பத்திரிகைகளுக்கும் புகைப்படம் எடுத்துக்கொண்டு பதினோரு வருஷம் அங்கே இருந்தார். சண்டை நடக்கிற இடத்தில் விளக்குப் பிடிக்க யார் வருவார்? என் பெரியப்பாவும் சைகோனில் சொல்தாவாக இருந்தவர்தான். பென்ஷன் பேச்சைத் தவிர அந்த ஊரைப் பற்றி வாய் திறந்ததில்லை. குத்தார் 1970-இல் 'ஹோவா-பின்' என்று வியட்நாம் போரில் அகப்பட்ட குழந்தைகளைப் பற்றி ஒரு படமே இயக்கினார். கான் விழாவில் முதல் படத்துக்கான பரிசு கிடைத்தது.

இத்தனைக்கும் சினிமாவுக்கு வந்ததே தற்செயல். ஆப்கானிஸ்தானில் ஒரு படத்துக்குக் கூப்பிட்டபோது, ஸ்டில் எடுக்கத்தான் என்று நினைத்து ஒப்புக்கொண்டாராம்.

முப்பத்தாறு வருஷம் குமாஸ்தாவாக இருந்தவன் நான். நோட் போடுவது ஒருவர், கையெழுத்து இன்னொருவருடையது. எனக்கு இது புதிதில்லை.

சீரியலுக்குப் போனால்தான் என்ன? நடுராத்திரிக் காட்சியிலும் பட்டப்பகல் வெளிச்சம், அழுகிற முகத்தில் ஒரு நிழல் கிடையாது. நல்ல கேமராக்காரர் அங்கேதான் வேண்டும்.

போன ஞாயிற்றுக்கிழமை மகனை உட்காரவைத்து அந்தப் படத்தைப் போட்டேன். பாதியில் போன் வந்து எழுந்து போனவன் திரும்பவில்லை. பேத்தி மட்டும் தபால் வண்டிக் காட்சி எதுவென்று திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.