இரவல் மாந்தர், இரவல் பிரதி: டெல்டேல் பற்றிய ஒரு தவறான தீர்ப்பு

கணினி விளையாட்டுகளைப் பற்றிய உரையாடல்களில் டெல்டேல் கேம்ஸ் என்னும் பெயர் வரும்போதெல்லாம் ஒரே தீர்ப்பு வாசிக்கப்படுகிறது: தொடர்கதை வடிவம் கணினி விளையாட்டுக்கு ஒத்துவராது, அதைப் பிடித்துத் தொங்கிய நிறுவனம் 2018இல் மூழ்கியது, அத்தோடு விவகாரம் முடிந்தது. இத்தீர்ப்பு தவறு, தீங்கானதும்கூட. பழியை வடிவத்தின் தலையில் கட்டிவிட்டால், உடைமை பற்றிய கேள்வியை எவரும் எழுப்ப வேண்டியதில்லை. டெல்டேலின் கதைமாந்தர் இரவல். வாசகர் கையில் அது கொடுத்த பிரதியும் இரவல். அந்நிறுவனத்தின் வரலாற்றை இந்த இரண்டு இரவல்களைத் தள்ளிவைத்துவிட்டு எழுத முடியாது. தொடர்கதையோடு முக்கால் நூற்றாண்டுக்கு மேல் வாழ்ந்துவரும் தமிழ்ச் சூழல் இதை முதலில் கண்டிருக்க வேண்டும். காணாமற் போனதே வியப்பு.

வரலாற்றைச் சுருக்கமாகப் பார்க்கலாம். 2004 மார்ச்சில் லூகாஸ்ஆர்ட்ஸ் நிறுவனம் உருவாகிக்கொண்டிருந்த ஒரு 'சாம் அண்ட் மேக்ஸ்' ஆட்டத்தைப் பாதியில் கைவிட்டது. அங்கிருந்து வெளியேறிய கெவின் புரூனர், டான் கானர்ஸ், டிராய் மொலாண்டர் மூவரும் அதே ஆண்டில் கலிபோர்னியாவில் டெல்டேலைத் தொடங்கினர். 2005இல் ஒரு சீட்டாட்டமும், ஜெஃப் ஸ்மித்தின் 'போன்' சித்திரக்கதையைத் தழுவிய ஆட்டமும் வந்தன. 2006 அக்டோபரில், முன்பு கைவிடப்பட்ட அதே சாமும் மேக்ஸும் புதிய தொடராக வெளிவந்து, ஆறு அத்தியாயங்களும் 2007 ஏப்ரலுக்குள் நிறைவுற்றன.

இதன் அருமை, அதே காலத்தில் பிறர் செய்ததோடு ஒப்பிட்டால்தான் தெரியும். 2006இல் 'சின் எபிசோட்ஸ்' ஓர் அத்தியாயத்தோடு நின்றது. வால்வ் போன்ற பெருநிறுவனமே 'ஹாஃப் லைஃப் 2'இன் தொடர்ச்சியாக 2006இல் ஒன்றும் 2007இல் ஒன்றுமாக இரண்டு அத்தியாயங்களைத் தந்து, மூன்றாவதை இன்றுவரை தரவில்லை. சொன்ன மாதத்தில் சொன்ன அத்தியாயத்தைக் கொடுத்து ஒரு பருவத்தை முடித்துக் காட்டிய நிறுவனம் டெல்டேல். 2012இல் வந்த 'தி வாக்கிங் டெட்' ஐந்து அத்தியாயங்களில் முடிந்து, அவ்வாண்டின் சிறந்த ஆட்டத்துக்கான விருதுகள் பலவற்றைப் பெற்றது. 2013 தொடக்கத்திற்குள் அதன் அத்தியாயங்கள் 85 லட்சம் விற்றிருந்ததாக நிறுவனம் தெரிவித்தது. தோற்ற வடிவத்தின் கணக்கு இப்படி இருக்காது.

'தேர்வு வெறும் பாவனை. எதைத் தேர்ந்தாலும் கதை ஒரே முடிவுக்கே போகிறது' என்பது அடுத்த குற்றச்சாட்டு. இதை மேலைநாட்டு விமரிசகர் சொல்லலாம். கர்ண மோட்சம் பார்த்து வளர்ந்தவர்கள் சொல்லலாகாது. கர்ணன் மடிவான் என்பதை அறிந்தேதான் ஊரே விடிய விடியக் கூத்துக் களத்தில் உட்கார்ந்திருக்கிறது. முடிவு மாறாது, முடிவை நோக்கிச் செல்லும் உறவு மாறும். 'தி வாக்கிங் டெட்' ஆட்டத்தில் லீ என்னும் தண்டனைக் கைதி, கிளமென்டைன் என்னும் சிறுமிக்குக் காவலன் ஆகிறான். ஒவ்வொரு கேள்விக்கும் சில நொடிகளே தரப்படுகின்றன. விடை சொல்லாமல் இருப்பதும் ஒரு விடையாகவே கொள்ளப்படுகிறது. எதிரில் நிற்பவர் அந்த மௌனத்துக்கும் எதிர்வினை ஆற்றுகிறார். ஆட்டக்காரர் சொன்னதைச் சிறுமி நினைவில் வைத்துக்கொள்வாள் என்னும் குறிப்பு திரையின் மூலையில் தோன்றி மறைகிறது. மொழிப்பயன்பாட்டியல் வகுப்பில் உரையாடலின் முறைமாற்றம், இடைவெளி, மௌனத்தின் பொருள் ஆகியவற்றை விளக்க இதைவிடக் கூர்மையான சான்று அரிது.

அப்படியாயின் நிறுவனம் ஏன் வீழ்ந்தது? அதன் பட்டியலை மேலிருந்து கீழாக ஒருமுறை படித்தால் விடை தென்படும். 2008இல் ஸ்ட்ராங் பேட். 2009இல் வாலஸ் அண்ட் க்ரோமிட், மங்கி ஐலண்ட். 2010இல் பேக் டு த ஃபியூச்சர். 2011இல் ஜுராசிக் பார்க். 2012இல் வாக்கிங் டெட். 2013இல் 'ஃபேபிள்ஸ்' சித்திரக்கதையைத் தழுவிய 'தி வுல்ஃப் அமங் அஸ்'. 2014இல் பார்டர்லேண்ட்ஸ், கேம் ஆஃப் த்ரோன்ஸ். 2015இல் மைன்கிராஃப்ட். 2016இல் பேட்மேன். 2017இல் கார்டியன்ஸ் ஆஃப் த கேலக்ஸி. விதிவிலக்காக ஓரிரு சிறு ஆட்டங்களை ஒதுக்கினால், எல்லாம் பிறர் வீட்டுப் பிள்ளைகள். வெற்றி பெற்றால் புகழில் பெரும்பங்கு உரிமையாளருக்குப் போகும். தோல்வி கண்டால் கடன் இங்கே தங்கும். ஒரு தொடரின் சுமையைத் தாங்க அடுத்த உரிமத்தைத் தேடி ஓட வேண்டியிருந்தது. ஒரே காலத்தில் பல தொடர்களைச் சுமந்து, பழகிய அச்சிலேயே வார்க்க வேண்டியிருந்தது.

நிர்வாகத்தின் பிழைகள் சிறியவை அல்ல. ஓய்வற்ற வேலைநேரம், காலத்துக்குப் பின்தங்கிய மென்பொருள் இரண்டையும் முன்னாள் ஊழியர்களே பகிரங்கமாகப் பேசியுள்ளனர். 'வாக்கிங் டெட்' முதல் பருவத்தை வடித்த ஷான் வனமன், ஜேக் ராட்கின் இருவரும் 2013இலேயே விலகித் தனி நிறுவனம் கண்டனர். 2017 நவம்பரில் 90 பேர், அதாவது ஊழியரில் நான்கில் ஒரு பங்கினர், நீக்கப்பட்டனர். 2018 செப்டம்பர் 21 அன்று ஏறத்தாழ 250 பேர் இழப்பீட்டுத் தொகை ஏதுமின்றி ஒரே நாளில் வெளியேற்றப்பட்டனர். இவற்றில் எதையும் மூடி மறைக்க வேண்டியதில்லை. ஆனால் ஓர் அத்தியாயத்தை ஒரு மாதத்தில் வெளியிட்டதனால் இவை நிகழவில்லை. மூன்றே பேர் கொண்ட குழு 'கென்டக்கி ரூட் ஜீரோ' என்னும் ஆட்டத்தை 2013 முதல் 2020 வரை ஐந்து அங்கங்களாக, நீண்ட இடைவெளிகளோடு வெளியிட்டு முடித்தது. அதுவும் தொடர்தான். கதையும் மாந்தரும் அக்குழுவின் சொந்தச் சொத்து. எவருடைய நாட்காட்டிக்கும் அது ஆடவில்லை.

நிறுவனம் மடிந்தபின் நடந்தவை இன்னும் தெளிவான சான்று. 'வாக்கிங் டெட்' இறுதிப் பருவம் இரண்டாம் அத்தியாயத்தோடு நின்றுபோன நிலையில், மூலக்கதையாசிரியர் ராபர்ட் கிர்க்மனின் ஸ்கைபவுண்ட் நிறுவனம் பழைய ஊழியர் சிலரைச் சேர்த்துக்கொண்டு எஞ்சிய இரண்டு அத்தியாயங்களை 2019 மார்ச்சுக்குள் முடித்தது. சாம், மேக்ஸ் இருவரையும் 1987இல் சித்திரக்கதையில் படைத்த ஸ்டீவ் பர்செல் அவர்களின் உரிமையை எந்த நிறுவனத்துக்கும் நிரந்தரமாக விட்டுக்கொடுக்கவில்லை. அதனால்தான் லூகாஸ்ஆர்ட்ஸ் கைவிட்டபின் அவர்கள் டெல்டேலுக்கு வர முடிந்தது. டெல்டேல் மடிந்தபின் முன்னாள் ஊழியர்கள் தொடங்கிய ஸ்கங்க்ஏப் நிறுவனத்தின் வழியாக 2020இல் புதுப்பொலிவுடன் திரும்பி வரவும் முடிந்தது. படைத்தவர் கையில் உரிமை இருந்த கதைகளுக்கு மறுபிறப்புக்கான வழி இருந்தது. 'ஃபேபிள்ஸ்' நேர்மாறு. 2023 செப்டம்பரில் அதன் ஆசிரியர் பில் வில்லிங்ஹாம் தம் படைப்பைப் பொதுச்சொத்தாக அறிவித்தார்; டிசி நிறுவனம் உரிமை தனதே என்று மறுத்தது.

மாந்தர் இரவலானது நிறுவனத்தின் துயரம். பிரதி இரவலானது வாசகரின் துயரம். ஆய்வாளரின் துயரமும் அதுவே. 2019 ஜூனில் 'மைன்கிராஃப்ட்: ஸ்டோரி மோட்' இணையக் கடைகளிலிருந்து நீக்கப்பட்டது. காசு கொடுத்து வாங்கியவர்கள் காலக்கெடுவுக்குள் எல்லா அத்தியாயங்களையும் தரவிறக்கிக்கொள்ள வேண்டும் என்று அறிவிப்பு வந்தது. எக்ஸ்பாக்ஸ் 360 கடையில் ஓர் அத்தியாயத்தின் விலை ஏறத்தாழ 100 டாலராக உயர்ந்து நின்றது. வாங்கியவர்கள் மீண்டும் தரவிறக்க வேண்டுமானால் பொருள் கடையில் இருந்தாக வேண்டும்; புதியவர் எவரும் வாங்கிவிடவும் கூடாது. அதற்காகச் செய்த ஏற்பாடு இது! வாங்கியது பொருளையன்று, பார்க்கும் அனுமதியை மட்டுமே என்பதை இதைவிட வெளிப்படையாக எந்த ஒப்பந்தமும் சொன்னதில்லை.

தமிழ்த் தொடர்கதையின் வாழ்வை இதன் அருகில் வைத்துப் பார்க்கலாம். 'பொன்னியின் செல்வன்' 1950 முதல் 1954 வரை 'கல்கி' இதழில் வாரந்தோறும் வந்தது. வாசகர்கள் பக்கங்களைக் கிழித்தெடுத்து, ஓவியங்களோடும் விளம்பரங்களோடும் சேர்த்துத் தைத்து, அட்டை போட்டு வைத்துக்கொண்டனர். எந்தப் பதிப்பகத்தாராலும் வீடு தேடி வந்து அந்தத் தொகுப்பைப் பிடுங்கிச் செல்ல இயலாது. பின்னாளில் கல்கியின் எழுத்துகளைத் தமிழ்நாட்டரசு நாட்டுடைமை ஆக்கியது. எவரும் அச்சிடலாம் என்றானது. பாரதியின் எழுத்துகளோடு தொடங்கிய இந்த நாட்டுடைமை மரபு பிற மொழியினர் வியக்கத்தக்கது. தொடர் வடிவம் நிலைக்குமா என்ற கேள்விக்கு விடை இங்கேயே இருக்கிறது: பிரதி வாசகரிடமும் உரிமை பொதுவிலும் இருந்தால் நிலைக்கும்.

இந்தச் சிக்கலைக் கலிபோர்னியாவோடு விட்டுவிடவும் முடியாது. ஓசூரிலிருந்து வடக்கே செல்லும் நெடுஞ்சாலையில் எல்லையைத் தாண்டியதும் வரும் ஊர் அத்திபெலே. தமிழ் வழக்கில் அத்திப்பள்ளி. ஓசூர்ப் பக்கத்துத் தமிழர் பலர் நாள்தோறும் அவ்வூரைக் கடந்தே எலக்ட்ரானிக் சிட்டியின் அலுவலகங்களுக்குச் செல்கின்றனர். அவர்கள் போய்ச் சேரும் பெங்களூருக்கும் விளையாட்டுத் துறையில் நீண்ட வரலாறு உண்டு. 1997இல் அங்கே தொடங்கப்பட்ட துருவா இன்டராக்டிவ், இந்தியாவின் முன்னோடி விளையாட்டு நிறுவனங்களுள் ஒன்று. அதன் பெரும்பணி, வெளிநாட்டு ஆட்டங்களுக்குக் காட்சிப் பொருள்களை வடித்துத் தருவது. ஸ்வீடனின் ஸ்டார்பிரீஸ் அதை வாங்கியது. 2019இல் ராக்ஸ்டார் நிறுவனத்துக்கு அது கைமாறியது. உழைப்பு பெங்களூருடையது, கதையும் மாந்தரும் உரிமையும் வேறெங்கோ. டெல்டேலின் நிலைக்கும் இதற்கும் வேற்றுமை அளவில்தான்.

அந்த வழியிலிருந்து விலகிய ஆட்டம் ஒன்று தமிழில் வேர்கொண்டு வந்திருக்கிறது. டொராண்டோவின் விசை கேம்ஸ் 2023 ஜூலை 31 அன்று வெளியிட்ட 'வெண்பா', 1988இல் கனடாவுக்குக் குடிபெயர்ந்த ஒரு தமிழ்த் தம்பதியையும் அவர்களின் மகன் கவினையும் பற்றியது. ஆண்டுகள் தாவிச் செல்லும் அத்தியாயங்கள். ஒவ்வொன்றிலும் ஒரு சமையல். தாய் கொடுத்தனுப்பிய குறிப்பேடு சிதைந்து, சொற்கள் அழிந்து கிடக்கிறது. இட்லியோ புட்டோ வேக வேண்டுமானால் ஆட்டக்காரர் அழிந்த இடங்களை ஊகித்து நிரப்ப வேண்டும். செல்லரித்த ஏட்டிலிருந்து பாடம் மீட்ட உ.வே. சாமிநாதையரின் வேலையை ஒரு சமையலறைக்குள் கொண்டுவந்த ஆட்டம் என்று அதைச் சொல்லலாம். 2024இல் அதற்கு அறிமுக ஆட்டத்துக்கான பாஃப்டா விருது கிடைத்தது. மாந்தர் இரவல் இல்லை. ஆனால் பிரதி? அதுவும் இணையக் கடைகளின் தயவில்தான் பெரிதும் வாழ்கிறது. 2023 மார்ச்சில் நின்டெண்டோ தன் இரண்டு பழைய கருவிகளுக்கான இணையக் கடைகளை மூடியபோது, அங்கு மட்டுமே விற்ற ஆட்டங்கள் விற்பனையிலிருந்தே மறைந்தன. அமெரிக்காவில் 2010க்கு முன் வெளியான ஆட்டங்களில் 87 சதவீதம் இன்று முறையாக வாங்கக் கிடைப்பதில்லை என்று வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023இல் கண்டறிந்தது. சிதைந்த குறிப்பேட்டைப் பற்றிய ஆட்டமே நாளை சிதைந்த ஏடாகலாம்.

தமிழாய்வுத் துறைகள் 'இது சிறுவர் விளையாட்டு' என்று ஒதுங்கி நிற்க எந்த நியாயமும் இல்லை. காலணா குஜிலிப் பாட்டுகளையும் கொலைச் சிந்துகளையும் அக்காலப் புலவர்கள் இவ்வாறே ஒதுக்கினர். கோட்டையூர் ரோஜா முத்தையா போன்ற சேகரிப்பாளர்கள் குப்பை என்று கருதப்பட்டவற்றையும் சேர்த்து வைத்ததனால்தான் இன்று அவற்றைப் பற்றிய ஆய்வேடுகள் எழுகின்றன; 'முச்சந்தி இலக்கியம்' போன்ற நூல் சாத்தியமாகிறது. இணைய இலக்கியக் கோட்பாடுகளை மேற்கோள் காட்டி நூறு பக்கம் எழுதும் ஆய்வேடு, தான் பேசும் ஆட்டத்தின் ஒரு பிரதியைக்கூட எங்கும் சேமித்து வைப்பதில்லை. மூலபாடம் இல்லாத உரை எத்தனை நாள் நிற்கும்?

செய்யத்தக்கவை எளியவை. ஆய்வேட்டில் ஓர் ஆட்டத்தை முதன்மைச் சான்றாகக் காட்டுவோர் அதன் பதிப்பு எண், கருவி, ஆடிய நாள், தேர்ந்த வழி ஆகியவற்றைக் குறிக்க வேண்டும் என்று துறைகள் விதிக்கலாம். ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம், தமிழ் இணையக் கல்விக்கழகம் போன்ற அமைப்புகள் தமிழ் சார்ந்த ஆட்டங்களின் படைப்பாளரை அணுகி, பூட்டில்லாத ஒரு பிரதியையும் வசனக் கோப்புகளையும் கேட்டுப் பெறலாம். படைத்தவரிடமே உரிமை இருக்கும்வரைதான் இது ஒரு கடிதத்தில் முடியும் வேலை. நிறுவனம் கைமாறிவிட்டால் கேட்பதற்கே ஆள் இராது. நூலகங்களுக்கு நூல் வழங்கும் 1954ஆம் ஆண்டுச் சட்டம், வெளியான 30 நாள்களுக்குள் நூலைக் கன்னிமாரா உள்ளிட்ட நூலகங்களுக்கு அனுப்பச் சொல்கிறது. 1956இல் அச்சட்டம் செய்தித்தாளுக்கும் விரிந்தது. கணினி விளையாட்டுக்கு இன்னும் விரியவில்லை. அதைக் கோரும் முதல் தீர்மானம் ஒரு தமிழ்த்துறைக் கருத்தரங்கிலிருந்து எழலாம்.

டெல்டேலைப் பற்றி அடுத்த கட்டுரை எழுதுவோர், தொடர் வடிவத்தின் தோல்வி என்று தொடங்குமுன், அந்தப் பட்டியலில் எத்தனை ஆட்டங்களை இன்று தம் மாணவருக்கு முறைப்படி வாங்கிக் காட்ட முடியும் என்று எண்ணிப் பார்த்துவிட்டு எழுதட்டும்.