பாட்டுக்குப் பூட்டு எதற்கு?

கொரியப் பாட்டு கேட்டுப் பிள்ளைகள் கெட்டுப்போகிறார்கள் என்ற பேச்சு தூத்துக்குடிக் கரையோர ஊர்களுக்கும் வந்துவிட்டது. ஆறுமுகநேரி, காயல்பட்டினம், திருச்செந்தூர் என்று எந்த ஊரில் பெற்றோர் நாலு பேர் கூடினாலும், கைப்பேசியைப் பற்றிய புலம்பலில் ஆரம்பிக்கும் பேச்சு, "புரியாத பாஷையில் என்னத்தைத்தான் கேட்கிறார்களோ" என்பதில் வந்து நிற்கிறது. கைப்பேசியைப் பிடுங்கி பீரோவில் வைக்கிறார்கள். சுவரில் ஒட்டியிருந்த படத்தைக் கிழித்துப்போடுகிறார்கள். சில வீடுகளில் "படித்துக் கிழித்தது போதும்" என்று பெண்பிள்ளையை வீட்டோடு இருத்தவும் யோசிக்கிறார்கள்.

இது தவறு என்பதே நம் கருத்து. பள்ளி நேரத்தில் கைப்பேசி வேண்டாம் என்பது சரி. தூங்கும் நேரத்தில் வேண்டாம் என்பதும் சரி. ஆனால் ஒரு பிள்ளை விரும்பிக் கேட்கும் பாட்டைக் குற்றமாக்குவது பாதுகாப்பு ஆகாது. பிள்ளைக்கும் நமக்கும் நடுவில் இருக்கும் பேச்சை அது அறுத்துவிடுகிறது. பேச்சு அறுந்த வீட்டில்தான் ஆபத்து நுழைகிறது.

2024 ஜனவரி முதல் வாரத்தில் நடந்ததை நினைவுபடுத்த வேண்டியிருக்கிறது. கரூர் மாவட்டத்துக் கிராமம் ஒன்றிலிருந்து 13 வயது மாணவிகள் மூன்று பேர் வீட்டைவிட்டுக் கிளம்பினார்கள். பி.டி.எஸ். என்ற கொரியப் பாட்டுக் குழுவைப் பார்க்கத் தென்கொரியத் தலைநகர் சியோலுக்குப் போக வேண்டும் என்பது அவர்கள் எண்ணம். விசாகப்பட்டினம் போய் அங்கிருந்து கப்பல் ஏறலாம் என்று திட்டம். கையில் சேர்த்து வைத்திருந்த சுமார் 14,000 ரூபாய். ஈரோடு போய் ரயில் பிடித்துச் சென்னைவரை போனார்கள். அதற்குமேல் முடியாது என்று தெரிந்து திரும்புகிற வழியில், இரவு நேரத்தில் காட்பாடி ரயில் நிலையத்தில் போலீசார் அவர்களைக் கண்டு மீட்டார்கள். அதே ஆண்டு டிசம்பரில் மகாராஷ்டிரத்தின் தாராசிவ் மாவட்டத்திலும் மூன்று சிறுமிகள் இதே குழுவைப் பார்க்கும் ஆசையில் கிளம்பி, தங்களை யாரோ கடத்திவிட்டதாக வீட்டாரை நம்பவைத்த செய்தி வந்தது.

இரண்டு செய்திகளையும் படித்த பலரும் உடனே சொன்னது, "பார்த்தீர்களா, அந்தப் பாட்டு செய்த வேலை!" என்பதுதான். கொஞ்சம் நின்று யோசித்தால் வேறொன்று தெரியும். விசாகப்பட்டினத்திலிருந்து கொரியாவுக்குப் பயணிகள் கப்பலே கிடையாது. பாஸ்போர்ட் இல்லாமல், விசா இல்லாமல் எந்தக் கப்பலிலும் ஏற முடியாது. அதைவிட முக்கியம், அந்த ஜனவரியில் பி.டி.எஸ். குழுவின் ஏழு பேரும் கட்டாய ராணுவச் சேவையில் இருந்தார்கள். கடைசி நால்வர் சேர்ந்தது அதற்கு முந்தைய மாதம்தான். சியோல்வரை போயிருந்தாலும் மேடையில் பார்க்க யாரும் இல்லை. இத்தனையும் ஐந்து நிமிடப் பேச்சில் தெரிந்துவிடும் விவரங்கள். அந்த ஐந்து நிமிடத்துக்கு அவர்களுக்கு ஒரு பெரியவர் வாய்க்கவில்லை. மூன்று பிள்ளைகள் காசு சேர்த்து, வழி விசாரித்து, நாள் குறித்துக் கிளம்பும்வரை சுற்றியிருந்த ஒருவரிடமும் வாய்திறக்கவில்லை என்றால், சொன்னால் அடி விழும், சிரிப்பார்கள் என்ற பயம் அதில் ஒரு பங்காவது இருந்திருக்கும். அந்தப் பயத்தைத்தான் நம் வீடுகள் இப்போது பாதுகாப்பு என்ற பெயரில் வளர்க்கின்றன.

கொரியப் பாட்டு கேட்கும் பிள்ளைகளில் மிகப் பெரும்பாலோர் எந்த ரயிலும் ஏறி ஓடுவதில்லை, காலையில் கல்லூரிக்குப் போகும் ரயிலைத் தவிர. ஆறுமுகநேரி ரயில் நிலைய நடைமேடையில் கொஞ்ச நேரம் நின்று பாருங்கள். ஒரே ஹெட்செட்டை ஆளுக்கொரு காதில் மாட்டிக்கொண்டு இரண்டு மாணவிகள் நிற்பார்கள். நோட்டின் கடைசிப் பக்கத்தில் கொரியப் பாட்டைத் தமிழ் எழுத்தில் எழுதி வைத்திருப்பார்கள். ஒருத்தி வரியைச் சொல்ல, மற்றவள் உச்சரிப்பைத் திருத்துவாள். யாரும் அதற்கு மதிப்பெண் போடப்போவதில்லை. தானாக ஒரு மொழியைக் காதால் கற்றுக்கொள்ளும் பிள்ளையை நாம் கெட்டுப்போனவள் என்கிறோம்.

இந்தக் கரைக்கு வெளியூர்க் காற்று புதிதா என்ன? 13-ஆம் நூற்றாண்டில் மார்க்கோ போலோ எழுதிவைத்த காயல் துறைமுகம் இந்த வட்டாரத்தில்தான் இருந்தது. அரபு நாட்டுக் குதிரைகள் இறங்கிய கரை இது. இங்கிருந்து முத்து கடல் கடந்து போனது. 1906-ல் வ.உ.சி. சுதேசிக் கப்பல் கம்பெனி தொடங்கிக் கொழும்புக்குக் கப்பல் விட்டதும் இந்த மாவட்டத்தில்தான். 2025 ஆகஸ்டில் வியட்நாம் நாட்டு வின்ஃபாஸ்ட் நிறுவனம் தூத்துக்குடியில் கார் தொழிற்சாலையைத் திறந்தபோது வேலை வரும் என்று மகிழ்ந்தோம். கொரியாவின் ஹூண்டாய் சென்னைக்குப் பக்கத்து இருங்காட்டுக்கோட்டையில் கார் தயாரிக்கத் தொடங்கி கால் நூற்றாண்டுக்கு மேலாகிறது. அங்கே வேலை கிடைத்த பையனை ஊரே பெருமையாகப் பேசுகிறது. அந்த நாட்டுக் கம்பெனியின் சம்பளம் வீட்டுக்கு வரலாம், அந்த நாட்டுப் பாட்டு மட்டும் வாசலைத் தாண்டக்கூடாது என்பது எந்த நியாயத்தில் சேரும்?

பாட்டிலிருந்து மக்களைக் காப்பாற்றும் வேலையை அரசாங்கமே ஒருமுறை செய்து பார்த்திருக்கிறது. 1952-ல் மத்திய தகவல் ஒலிபரப்புத் துறைக்கு அமைச்சராக வந்த பி.வி. கேஸ்கர், சினிமாப் பாட்டு ரசனையைக் கெடுக்கிறது என்று அகில இந்திய வானொலியில் அதை ஓரங்கட்டினார். கேட்கிறவர்கள் சும்மா இருக்கவில்லை. முள்ளை இலங்கை வானொலிக்குத் திருப்பிவிட்டார்கள். கடைசியில் 1957-ல் அரசே விவித் பாரதியைத் தொடங்கிச் சினிமாப் பாட்டைத் திரும்ப அழைத்துக்கொண்டது. கடல் தாண்டி வந்த அந்த இலங்கை வானொலியை நம் கரையோர ஊர்கள் தலைமுறை தலைமுறையாகக் கேட்டன. கே.எஸ். ராஜா, பி.எச். அப்துல் ஹமீது குரல்களைக் கேட்டு வளர்ந்தவர்கள்தான் இன்று தாத்தா பாட்டிகளாகவும் பெற்றோராகவும் இருக்கிறார்கள். "எந்நேரமும் ரேடியோ" என்று அன்று அவர்களையும் திட்டினார்கள். அவர்கள் கெட்டுப்போகவில்லை.

கொரியாவும் இந்தப் பாடத்தைப் படித்திருக்கிறது. 16 வயதுக்கு உட்பட்டோர் நள்ளிரவு 12 மணி முதல் காலை 6 மணிவரை இணைய விளையாட்டு ஆடக்கூடாது என்று 2011-ல் தென்கொரியா சட்டம் போட்டது. பிள்ளைகள் பெரியவர்களின் அடையாள எண்ணைப் போட்டு உள்ளே போனார்கள். விளையாட்டும் கணினியிலிருந்து கைப்பேசிக்கு நகர்ந்துவிட்டது. 2022 தொடக்கத்தில் அந்தச் சட்டமே கைவிடப்பட்டது. எவ்வளவு நேரம் என்பதைப் பெற்றோரும் பிள்ளையும் சேர்ந்து முடிவுசெய்யும் முறைதான் மிஞ்சியது. எல்லைக்கு அந்தப் பக்கம் வடகொரியா 2020-ல் போட்ட சட்டமோ தென்கொரியப் பாட்டு, நாடகம் வைத்திருப்பவர்களுக்குக் கடும் தண்டனை விதிக்கிறது. அத்தனைக்குப் பிறகும் அவை அங்கே களவாகப் போய்க்கொண்டுதான் இருக்கின்றன.

"காலம் மாறிவிட்டது, ரேடியோ வேறு கைப்பேசி வேறு" என்று பெற்றோர் சொல்வதில் உண்மை உண்டு. அதை லேசாகத் தள்ள முடியாது. ரேடியோ நம்மைத் திரும்பப் பார்க்கவில்லை. கைப்பேசி பார்க்கிறது. ஒரு பாட்டு முடிவதற்குள் அடுத்ததைத் தள்ளுகிறது, விடிய விடிய விழிக்க வைக்கிறது. ரசிகர் குழுவில் சிறுமி போலப் பேசுகிறவர் யாரென்று தெரியாது. படம் அனுப்பு என்பார்கள், டிக்கெட் வாங்கித் தருகிறேன் என்று பணம் கேட்பார்கள். மெலிந்த உடம்பும் வெளுத்த தோலும்தான் அழகு என்ற எண்ணம் கறுத்த நிறமுள்ள நம் பிள்ளைகளின் மனதைக் குடையும். ஆஸ்திரேலியா 16 வயதுக்குக் கீழ்ப்பட்டோரின் சமூக வலைத்தளக் கணக்குகளை 2025 டிசம்பர் முதல் தடைசெய்திருப்பது இந்தக் கவலையால்தான். நம் நாட்டிலும் 2023-ன் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், 18 வயதுக்கு உட்பட்டோரின் விவரங்களைப் பயன்படுத்தப் பெற்றோரின் சம்மதம் வேண்டும் என்கிறது. ஆனால் அப்பாவின் கைப்பேசிக்கு வரும் ஓடிபியைப் பிள்ளையே பார்த்துப் போட்டுவிட்டால் அந்தச் சம்மதத்துக்கு என்ன பொருள்? சட்டம் கம்பெனியைக் கட்டும். அதற்குப் பிறகு வீட்டில் நடக்க வேண்டியதை எந்தச் சட்டமும் செய்து தராது.

நம் உப்பளங்களில் வேலை பார்க்கிறவர்களுக்கு இது சொல்லித் தெரிய வேண்டியதில்லை. தண்ணீரைப் பாத்திக்குள் விடாமல் உப்பு விளையாது; வரப்பு இல்லாமல் விட்டால் விளைந்த உப்பும் கரைந்துபோகும். எப்போது திறப்பது, எவ்வளவு விடுவது என்று பக்கத்தில் நின்று பார்க்கிற ஆள்தான் அங்கே தேவை.

இன்னொன்றையும் வெளிப்படையாகச் சொல்லியாக வேண்டும். இந்தக் கண்டிப்பு பெண்பிள்ளைகள் தலையில்தான் அதிகம் விழுகிறது. பையன் இரவு ஒரு மணிவரை விளையாட்டு ஆடினால் "வயசு அப்படி" என்கிறோம். பெண்பிள்ளை ஒரு பாட்டு கேட்டால் அவள் படிப்பையே பணயம் வைக்கிறோம். திருச்செந்தூர் கோவிந்தம்மாள் ஆதித்தனார் மகளிர் கல்லூரியும் காயல்பட்டினம் வாவு வஜீஹா மகளிர் கல்லூரியும் எழுந்தது, இந்த வட்டாரத்துப் பெண்கள் வீட்டு வாசலைத் தாண்டிப் படிக்க வேண்டும் என்பதற்காக. ஒரு பாட்டைக் காரணம் காட்டி அந்த வாசலை மறுபடி சாத்துவதை ஏற்க முடியாது.

உண்மையில் நம் பிள்ளைகளைக் காப்பாற்ற வேண்டியது எதனிடமிருந்து? 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் பிளஸ் 2 மாணவரையும் தடுக்க வந்த அவர் தங்கையையும் வீடு புகுந்து வெட்டியவர்கள் உடன்படித்த மாணவர்கள். 2025 மார்ச்சில் நம் மாவட்டத்தில் ஸ்ரீவைகுண்டம் அருகே, தேர்வெழுதப் பேருந்தில் போன பிளஸ் 1 மாணவரை வழிமறித்து வெட்டினார்கள். கை விரல்கள் துண்டாயின. இந்தச் சாதி வெறியை எந்தக் கொரியப் பாட்டும் சொல்லிக்கொடுக்கவில்லை. நம் தெருவும் நம் வீட்டுப் பேச்சும் சொல்லிக்கொடுத்தது. நாங்குநேரிக்குப் பின் அமைக்கப்பட்ட நீதியரசர் சந்துரு குழு, கையில் சாதிக் கயிறு கட்டிவருவதைத் தடுக்க வேண்டும் என்று 2024 ஜூனில் பரிந்துரைத்தது. பிள்ளையின் காதில் என்ன ஓடுகிறது என்று துருவிப் பார்க்கிற நாம், அவன் மணிக்கட்டில் என்ன நிறக் கயிறு இருக்கிறது, அதை யார் கட்டிவிட்டது என்று பார்த்தோமா?

ஆகவே பெற்றோரிடம் நாம் கேட்பது இவைதான். இன்றிரவு பிள்ளையிடம் ஒரு பாட்டைப் போடச் சொல்லிக் கூட உட்கார்ந்து கேளுங்கள். பாடுகிறவர் யார், எப்படி அங்கே வந்தார் என்று விசாரியுங்கள். பிள்ளைகளுக்கு நிறையத் தெரியும். சிறு வயதிலேயே பயிற்சிக்குச் சேர்த்துக்கொண்டு 13 ஆண்டு ஒப்பந்தத்தில் கட்டிப்போட்டதை எதிர்த்து 2009-ல் தோங்பாங் ஷின்கி என்ற பாட்டுக் குழுவின் மூன்று பேர் நீதிமன்றம் போனதும், அதன்பின் ஒப்பந்தத்துக்கு ஏழு ஆண்டு என்று வரம்பு வந்ததும் ரசிகர்கள் அறிந்த கதை. 2019-ல் இணைய வசவுகளுக்கு ஆளான பாடகி சுல்லி 25 வயதில் இறந்ததும் அவர்களுக்குத் தெரியும். அந்த மினுமினுப்புக்குப் பின்னால் இருக்கும் உழைப்பையும் சுரண்டலையும் பற்றிப் பேச இதைவிட நல்ல வாய்ப்பு உங்களுக்குக் கிடைக்காது. இரவு பத்து மணிக்கு மேல் வீட்டில் எல்லார் கைப்பேசியும் ஒரே இடத்தில் இருக்கட்டும், உங்களுடையதும் சேர்த்து. 2020-ல் ஆன்லைன் வகுப்புக்கு என்று அதைப் பிள்ளை கையில் கொடுத்தது நாம்தான். எப்படிப் பயன்படுத்துவது என்று சொல்லிக்கொடுக்க வேண்டிய பொறுப்பும் நம்முடையதே.

பள்ளிகளுக்கும் வேலை இருக்கிறது. முன்பின் தெரியாதவர் படம் கேட்டால், பணம் கேட்டால் என்ன செய்ய வேண்டும் என்பதை வகுப்பிலேயே சொல்லிக்கொடுங்கள். 1098 சிறார் உதவி எண்ணும், பள்ளிக் கல்வித் துறையின் 14417 எண்ணும் சுவரில் எழுதியிருந்தால் மட்டும் போதாது. போன் செய்தால் திட்ட மாட்டார்கள் என்ற நம்பிக்கை பிள்ளைக்கு வர வேண்டும். ஆண்டு விழாவில் கொரியப் பாட்டுக்கு ஆட விரும்பும் மாணவிக்கு ஐந்து நிமிடம் கொடுப்பதால் பள்ளியின் கௌரவம் குறைந்துவிடாது. மாநில அரசு, ஒவ்வொரு அரசுப் பள்ளியிலும் பிள்ளைகள் மனம்விட்டுப் பேசப் பயிற்சி பெற்ற மனநல ஆலோசகர் ஒருவரை நிரந்தரமாக அமர்த்த வேண்டும். அசம்பாவிதம் நடந்தபின் ஒருநாள் வந்து கவுன்சிலிங் கொடுத்துவிட்டுப் போவது ஈடாகாது.

தங்களுக்குப் பிடித்ததை நம்மிடம் பயமில்லாமல் சொல்லும் பிள்ளைகள், தங்களுக்கு நேர்ந்த கெட்டதையும் நம்மிடம்தான் முதலில் சொல்வார்கள். அந்த வழி திறந்திருக்கும்வரை எந்த நாட்டுப் பாட்டும் அவர்களைக் கெடுத்துவிடாது. பூட்டுப் போட்டு அந்த வழியை நாமே அடைத்துவிட வேண்டாம்.